ஒளிர்வைப் படிக்க, அதை அணைப்பது எது என்று பாருங்கள்

எம்.எஸ்ஸி. வேதியியல் முடித்து நெட், கேட் தேர்வுகளுக்குத் தயாராகிறவர்கள் போட்டோகெமிஸ்ட்ரிக்கு (ஒளி வேதியியலுக்கு) வந்ததும், மூலக்கூறின் ஆற்றல் நிலைகளையும் அவற்றிடையே ஏறி இறங்கும் வழிகளையும் காட்டும் ஜப்லோன்ஸ்கி வரைபடத்தை மனப்பாடம் செய்துவிட்டு அடுத்த பாடத்துக்குப் போய்விடுகிறார்கள். படம் நினைவில் நிற்கும், கணக்கு வந்தால் கை ஓடாது. எனக்கு இந்தப் பாடம் பிடிபட்டது வேறு வழியில்: ஒவ்வொரு ஒளிர்வுக்கும் எதிர்நிலை எது என்று கேட்டுக்கொண்டே படித்தேன்.

முதல் எதிர்நிலை சூடு. 1888-இல் ஐல்ஹார்ட் வீடெமான் 'லூமினசன்ஸ்' (ஒளிர்வு) என்று பெயர் வைத்ததே, வெப்பநிலையை மட்டும் வைத்து விளக்க முடியாத ஒளியைத் தனியே பிரிக்கத்தான். டங்ஸ்டன் இழை சூட்டினால் ஒளி விடுகிறது. மின்மினி சூடாகாமலே விடுகிறது. இது தெளிவாக இருந்தால் பெயரைக் காட்டிக் குழப்பும் கேள்விகளில் விழமாட்டீர்கள். தெர்மோலூமினசன்ஸில் ஒளிக்கான ஆற்றல் சூட்டிலிருந்து வருவதில்லை. கதிர்வீச்சிலிருந்து படிகம் முன்பே பிடித்து வைத்த ஆற்றலைச் சூடு திறந்துவிடுகிறது, அவ்வளவுதான். வெண்பாஸ்பரஸ் இருட்டில் மினுங்குவது பாஸ்பரசன்ஸ் (உறிஞ்சிய ஒளியை மெதுவாக விடுவது) அல்ல. ஆக்சிஜனோடு நடக்கும் வினையால் வரும் கெமிலூமினசன்ஸ் அது.

ஃப்ளூரசன்ஸுக்கும் பாஸ்பரசன்ஸுக்கும் உள்ள வேறுபாட்டை எல்லாப் புத்தகமும் சொல்லும். இரண்டும் ஒளியை உறிஞ்சிக் கிளர்ந்த மூலக்கூறு விடும் ஒளி. ஒன்று சிங்லெட் நிலையிலிருந்து (எலக்ட்ரான் சுழற்சிகள் எதிரெதிராக இருப்பது), நானோ நொடிகளில். மற்றது ட்ரிப்லெட் நிலையிலிருந்து (சுழற்சிகள் ஒரே பக்கமாக இருப்பது), மில்லி நொடி முதல் பல நொடி வரை. ஒருமுறை படித்தால் போதும்.

நேரத்தைக் கொட்ட வேண்டியது க்வென்ச்சிங்கில், அதாவது ஒளிர்வை வேறொரு பொருள் அணைப்பதில். லேபில் வாய்ப்புக் கிடைத்தால் இதைச் செய்து பாருங்கள். குயினைன் சல்பேட்டை நீர்த்த சல்ப்யூரிக் அமிலத்தில் கரைத்து, புறஊதா விளக்கின் கீழ் வைத்தால் நீலமாக ஒளிரும். 1852-இல் ஸ்டோக்ஸ் ஆராய்ந்ததும் குயினைன் கரைசலைத்தான். அதில் சாப்பாட்டு உப்பைக் கொஞ்சம் கொஞ்சமாகப் போடுங்கள். நீலம் மங்கிக்கொண்டே போகும். சாதாரண வெளிச்சத்தில் பார்த்தால் முன்பிருந்த அதே தெளிந்த கரைசல்! குயினைன் எங்கும் போகவில்லை, புறஊதாவை உறிஞ்சுவதும் நிற்கவில்லை. கிளர்ந்த மூலக்கூறு ஒளியை விடுவதற்குள் குளோரைடு அயனி மோதி, ஒளியில்லாமலே அதைக் கீழே இறக்கிவிடுகிறது. இந்த இறக்கம்தான் ஒளிர்வின் உண்மையான எதிரி. ஜப்லோன்ஸ்கி படத்தில் வளைந்து இறங்கும் அம்புக்குறிகள் எதைச் சொல்கின்றன என்பது இதைப் பார்த்தபின் நன்றாகப் புரியும்.

அப்புறம், இந்த அணைப்பை அளக்கும் ஸ்டெர்ன்-வோல்மர் சமன்பாடு. உப்பில்லாத ஒளியளவை உப்புள்ள ஒளியளவால் வகுத்து, குளோரைடின் செறிவுக்கு எதிராக வரைந்தால் 1-இல் தொடங்கும் நேர்கோடு வரும். அதன் சாய்வு, மோதலின் வேக மாறிலியையும் க்வென்ச்சர் (அணைக்கும் பொருள், இங்கே குளோரைடு) இல்லாதபோது கிளர்ந்த மூலக்கூறுக்குள்ள ஆயுட்காலத்தையும் பெருக்கினால் வருவது. ஆயுட்காலம் 20 நானோ நொடி, வேக மாறிலி 10¹⁰ M⁻¹s⁻¹ என்றால் சாய்வு 200. ஒளி பாதியாக வேண்டுமா? விகிதம் 2 ஆக வேண்டும், ஆகவே செறிவு 1/200, அதாவது 0.005 மோலார். இதை மனக்கணக்காகப் போடும் அளவுக்குப் பழகிக்கொள்ளுங்கள்.

சரி, சாய்விலிருந்து கணக்கிட்ட வேக மாறிலி 10¹² என்று வந்தால்? நீரில் மூலக்கூறுகள் அவ்வளவு வேகமாக ஒன்றையொன்று சந்திக்க முடியாது. ஒளி படும் முன்பே இரண்டும் இணைந்து ஒளிராத கூட்டாகிவிட்டன என்று சந்தேகப்படுங்கள்; அது ஸ்டாட்டிக் க்வென்ச்சிங். இதற்கும், முன்பு பார்த்த, மோதலால் வரும் டைனமிக் க்வென்ச்சிங்குக்கும் நேர்கோடே வரும் என்பதால், கோட்டை மட்டும் வைத்து வகையைச் சொல்ல முடியாது. கேள்வியில் கூடவே என்ன கொடுத்திருக்கிறார்கள் என்று தேடுங்கள். ஆயுட்காலமும் அதே விகிதத்தில் குறைந்தால் டைனமிக், மாறாமல் இருந்தால் ஸ்டாட்டிக். வெப்பநிலை ஏறும்போது சாய்வும் ஏறினால் டைனமிக். இறங்கினால் பெரும்பாலும் ஸ்டாட்டிக், சூட்டில் அந்தக் கூட்டு பிரிந்துபோவதால்.