ஹப்புத்தளையில் ஒரு கேடயவால் பாம்பு

கண்டியில் ரயிலேறி ஹப்புத்தளையில் இறங்குவதற்குள் எத்தனை சுரங்கம் வருகிறது என்று சின்ன வயதில் விரல் விட்டு எண்ணுவேன். இந்த முறையும் எண்ணத் தொடங்கி நானுஓயாவுக்கு அப்புறம் விட்டுவிட்டேன். சுமார் 1,890 மீட்டர் உயரத்தில் இருக்கிறது பட்டிப்பொல ரயில் நிலையம். அதைத் தாண்டி வரும் சுரங்கத்துக்குள் புகுந்து வெளியே வந்தால் ஊவா மாகாணத்துப் பக்கம். தென்மேற்குப் பருவத்தில் பட்டிப்பொலப் பக்கம் மழை கொட்டும்போது ஊவாப் பக்கம் வெயிலடிக்கும். நான் போனது கார்த்திகையில், ஊவாவுக்கு மழை வரும் மாதம். மண் ஊறிக் கிடந்தது.

மாமா வீடு தேயிலைத் தோட்டத்து லயத்தில், தொழிலாளர்களின் வரிசை வீடுகளில் ஒன்று. பின்னால் லீக்ஸும் கேரட்டும் போட்ட சின்னத் துண்டு நிலம், ஓரத்தில் மக்கிய சாணிக் குவியல். மறுநாள் காலை உரம் அள்ளப் போனவர் மண்வெட்டியை ஓங்கியபடி நின்றார். சாணிக்குள் ஏதோ கருப்பாக நெளிந்தது.

"மாமா, அடிச்சிராதீங்க!"

"இருதலைப் பாம்பு தம்பி. ஆறு மாசம் இந்தத் தலையால போகும், ஆறு மாசம் அந்தத் தலையால."

நான் எத்தனையோ நாளாகப் பார்க்க ஆசைப்பட்ட உயிர் அது. கேடயவால் பாம்பு. ரைனோஃபிஸ் என்ற பேரினத்தில் பதினைந்துக்கும் மேற்பட்ட இனங்கள் இலங்கையில் மட்டுமே வாழ்கின்றன. உறவுகள் கடலுக்கு அந்தப் பக்கம் மேற்குத் தொடர்ச்சி மலையில் இருக்கின்றன. இந்த ஊவா மலைகளில் வாழும் ஓர் இனத்தை 1921இல் பாம்பு ஆய்வாளர் பிராங்க் வால் விவரித்து, டிரமண்ட் ஹே என்பவரின் பெயரைச் சூட்டினார்.

நஞ்சில்லாதது என்று தெரிந்ததால் சாணியோடு சேர்த்து உள்ளங்கையில் ஏந்தினேன். பென்சிலைவிடச் சற்றே தடிமன், ஒரு சாண் நீளம். கடிக்க வாய்கூடத் திறக்கவில்லை. விரலைச் சுற்றிக்கொண்டு, கூரான மூக்கை இரண்டு விரல்களுக்கு நடுவே வைத்து அழுத்தியது. அந்த அழுத்தத்தை இன்னும் மறக்க முடியவில்லை. அவ்வளவு சின்ன உடம்பில் அத்தனை பலம்! ஈரச் சாணியிலிருந்து வந்தும் உடம்பில் அழுக்கில்லை, செதில்கள் வானவில் போல மினுங்கின. கண் இரண்டும் செதிலுக்கு அடியில் ஊசிமுனைப் புள்ளிகள்.

அப்புறம் மாமாவிடம் வாலைக் காட்டினேன். வெட்டிவிட்ட மாதிரி முடிகிற வாலின் நுனியில் சொரசொரப்பான ஒரு கேடயம். அதில் மட்டும் மண் அப்பியிருந்தது. இன்னொரு தலை என்று நாம் பயப்படுவது இதைத்தான். உண்மையில் அது ஒரு கதவு. முன்னால் துளைத்துக்கொண்டு போகும்போது பின்னால் வளையை இந்த மண் கட்டியால் அடைத்துக்கொள்கிறது.

துளைக்கிற விதம்தான் எனக்கு இதில் மிகவும் பிடித்தது. முதுகெலும்பைத் தோலுக்குள்ளேயே வளைத்து நெளிக்கும். உடம்பின் முன்பகுதி பருத்து வளையின் சுவரைப் பற்றிக்கொள்ளும். அந்தப் பிடிமானத்தில் தலையை முன்னே தள்ளும். முன்பகுதித் தசைகள், ஆக்சிஜனைச் சேர்த்துவைக்கும் மயோகுளோபின் என்ற புரதம் நிறைந்த சிவப்புத் தசைகள், எளிதில் களைக்காதவை. பின்பகுதித் தசைகள் வெளிறியவை, பெரும்பாலும் இழுபட்டே வருபவை. 1978இல் விலங்கியலாளர் கார்ல் கான்ஸும் உடன் ஆய்வு செய்தவர்களும் இதைச் சரக்கு ரயில் என்றே எழுதினார்கள். முன்னால் எஞ்சின், பின்னால் பெட்டிகள். முந்தின நாள்தான் அப்படி ஒரு ரயிலில் மலையைக் குடைந்து வந்தவனுக்கு இதைவிடப் பொருத்தமாக என்ன சொல்ல முடியும்!

"அப்ப இது என்னதான் திங்கும்?"

"மண்புழு, மாமா. முட்டை போடாது, குட்டிதான் போடும்."

மாமா மண்வெட்டியைக் கீழே வைத்துவிட்டுக் குந்தி உட்கார்ந்தார். பயம் முழுக்கப் போகவில்லை, கை நீட்டவும் இல்லை. ஆனால் குனிந்து பார்த்துக்கொண்டே இருந்தார். சாணிக் குவியலின் மறுபக்கம், அவர் வெட்டாத இடமாகப் பார்த்து இறக்கிவிட்டேன். மூக்கு உள்ளே போனது. கருப்பு உடம்பு கொஞ்சம் கொஞ்சமாக இழுபட்டது. கடைசியில் மண் பூசிய அந்த வட்டம் மட்டும் வெளியே தெரிந்தது.

"கதவைச் சாத்திருச்சு," என்றார் மாமா.

அன்று உரம் அள்ள மண்வெட்டியைத் தொடவில்லை. கூடையை வைத்துக் கையாலேயே அள்ளினார்.