வெட்டாத பைல்

மூண்டு கிழமையா வெள்ளவத்தை ரூமுக்குள்ள இருந்து ஆவணப்படத்துக்கு எடுத்த ஒரே ஒரு நேர்காணலோடதான் மல்லுக்கட்டுறன். கிளிநொச்சி கந்தசாமி கோயிலடியில 2017 பெப்ரவரி 20 தொடங்கின காணாமல் ஆக்கப்பட்டவர்களின்ர உறவுகளின்ர போராட்டத்தில இருக்கிற ஒரு அம்மா, மகன்ர படத்தை மடியில வச்சுக்கொண்டு நாப்பது நிமிசம் கதைச்சவா.

எடிட் செய்ய வந்த நண்பன் வந்ததும் வராததுமா, அவா பேசாம இருக்கிற இடமெல்லாம் வெட்டுவம், அடியில வயலின் போடுவம் எண்டான். நான் விடேல்ல. 2009 ஆகஸ்டில பிரிட்டன் டிவி சேனல் 4 காட்டின வீடியோ, ஆமி உடுப்போட நிக்கிறவை பிடிபட்டவையைக் கையும் கண்ணும் கட்டிச் சுடுறது, அதைப் பொய் எண்டு அரசாங்கம் சொல்லேக்க, ஐநா அறிக்கையாளர் பிலிப் ஆல்ஸ்டன் சட்ட வைத்தியம், துப்பாக்கி, வீடியோ தெரிஞ்ச மூண்டு நிபுணர்களிட்டக் குடுத்துப் பாத்து 2010 ஜனவரியில உண்மையானது போலத்தான் இருக்கு எண்டு சொன்னவர். ஆரோ ஒராள் அதை வெட்டி ஒட்டி மியூசிக் போட்டு ஒறிஜினலைத் தொலைச்சிருந்தா, அந்த மூண்டு பேரும் எதைப் பாத்துச் சொல்றது? அதால எங்கட பைல் ரெண்டு ஹார்ட் டிரைவில எடுத்தபடியே கிடக்கு, கை வைக்கிறது கொப்பியிலதான்.

படம் போட்டுக் காட்டினாலே வழக்கு வரும். இறுதி யுத்தத்தைப் பற்றின நோ ஃபயர் சோன் எண்ட ஆவணப்படத்தை 2013 இல கோலாலம்பூரில திரையிட்டதுக்கு லீனா ஹென்ட்ரி எண்ட மலேசியப் பெண்ணுக்கு 2017 இல 10,000 ரிங்கிட் தண்டம் போட்டவை. வெளிநாட்டில காட்டினவைக்கே அப்பிடியெண்டா, இஞ்ச கமராவுக்கு முன்னால இருந்து கதைச்ச மனிசிக்கு? அவா பேச்சோட பேச்சா இளைய மகன் கொழும்பில எங்க வேலை செய்யிறான் எண்டும் சொல்லிப்போட்டா. ஷூட்டிங் நாளில ஓமெண்டு கையெழுத்து வச்சவாதான், எண்டாலும் மனம் கேக்கேல்ல, கோல் எடுத்தன்.

"தம்பி, என்ர முகத்தைப் போடு, நான் ஒருத்தருக்கும் பயமில்லை. சின்னவன்ர கதையை மட்டும் எடுத்துவிடு ராசா."

எடுத்தாச்சு. அந்த இடத்தில ஒரு வெட்டு துருத்திக்கொண்டு தெரியுது, தெரியட்டும்.

இந்தப் படம் ஜெனிவாவுக்கு, ஐநா மனித உரிமைச் சபைக்குப் போறது நல்லதுதான், ஆனா எனக்கு அது சிங்களச் சனம் இருக்கிற நுகேகொடைக்கும் மாத்தறைக்கும் போகோணும். 2022 மே 18 காலிமுகத்திடலில சிங்களப் பிள்ளையளும் யுத்தத்தில செத்தவையை நினைச்சுக் குடுக்கிற முள்ளிவாய்க்கால் கஞ்சியை வாங்கிக் குடிச்சதைக் கண்ணால கண்டனான், அதுக்குப் பிறகு வந்த ஆசை இது.

நேற்றிரவு ஒரு சிங்கள நண்பி சப்டைட்டில் செய்ய வந்தவா. அம்மா ஒரு இடத்தில "பாத்துக்கொண்டே இருக்கிறன்" எண்டுறா. இங்கிலீசில நாங்கள் நாலு நாள் சண்டை பிடிச்சனாங்கள், கண்ணால பாக்கிறதா, காத்திருக்கிறதா எண்டு, ரெண்டில ஒண்டைத்தானே போடேலும். நண்பி ஒருக்காத்தான் கேட்டவா, உடனே டைப் பண்ணினா: பலாகென இன்னவா. அதிலயும் ரெண்டும் இருக்காம்.