மகஜரில் இருந்த தையல் இயந்திரம்

குற்றப் பிரிவு இன்ஸ்பெக்டராக ஓய்வு பெற்ற மறு மாதமே ஒரு யூடியூப் சேனலிலிருந்து அழைத்தார்கள். பழைய வழக்குகளைப் பற்றி வாரம் ஒரு முறை பேச வேண்டும். ஒப்புக்கொண்டேன்.

முதலில் எடுத்துக்கொண்டது 1952-இல் நடந்த சென்னை வியாபாரி ஆளவந்தாரின் கொலை. ரயிலில் வந்த டிரங்குப் பெட்டிக்குள் தலையில்லாத உடலை மானாமதுரையில் கண்டெடுத்தார்கள். தலை ராயபுரம் கடற்கரையில் கிடைத்தது. ராணுவத்தில் இருந்தபோது பதிவான கைரேகை, அது அவர் உடல்தான் என்று காட்டிக்கொடுத்தது. கைரேகையைப் பற்றிப் பேசப் பத்து நிமிடம் கேட்டேன். தலையைப் பற்றி விரிவாகச் சொல்லுங்கள் என்றார் தயாரிப்பாளர். மறுத்துவிட்டேன். துப்புத் துலங்கிய விதம்தான் எனக்குப் பெரிது.

அடுத்து, நானே விசாரித்த வழக்குகள். விசாரணையின்போது போலீஸ் எழுதும் கேஸ் டைரியைத் தொடக் கூடாது, நினைவை நம்பக் கூடாது. தீர்ப்பு நகலில் உள்ளதை மட்டும் பேசுவது என்று முடிவு செய்தேன். நகல் மனு போட்டு, கோர்ட் ஃபீஸ் ஸ்டாம்பு ஒட்டி, வாரக்கணக்கில் அலைந்தேன். பணியில் இருந்தவரை ஏட்டு வாங்கிவந்து மேசையில் வைத்துவிடுவார். பாலியல் வழக்கு என்றால் பாதிக்கப்பட்டவரின் பெயரோ அடையாளமோ வெளிவரக் கூடாது, சட்டமே தடுக்கிறது. விடுதலையானவரைக் குற்றவாளி என்று ஒருபோதும் சொல்வதில்லை. “போலீசிடம் ஒப்புக்கொண்டானே, பிறகென்ன?” என்று பலரும் கேட்கிறார்கள். அந்த ஒப்புதலை நீதிமன்றம் ஏற்காது. அவன் சொன்ன தகவலை வைத்துக் கத்தியைக் கண்டெடுத்தால், அதற்குரிய பகுதி மட்டும் செல்லும். இதை எத்தனை முறை விளக்கினாலும் எனக்கு அலுப்பதில்லை.

ஆயுள் தண்டனையில் முடிந்த ஒரு கொலை வழக்கைப் பற்றிப் பேசிய மறுநாள், இறந்த பெண்ணின் அக்கா தொலைபேசியில் அழைத்தார்.

“ஐயா, அவன் என்ன படித்தான், எங்கே வேலை பார்த்தான் எல்லாம் சொன்னீர்கள். என் தங்கை தையல் கடை வைத்திருந்ததைச் சொல்லவே இல்லையே.”

எனக்குப் பேச்சு எழவில்லை. அன்றிரவு தீர்ப்பு நகலைப் புரட்டினேன். சம்பவ இடத்தில் கண்டதைப் பதிவு செய்து நான் எழுதிய பார்வை மகஜரைக் குறிப்பிடும் பத்தியில் இருந்தது: ‘தையல் இயந்திரம் ஒன்று’. என் கையால் எழுதியதுதான். ஊசிக்கடியில் பாதி தைத்த பள்ளிச் சீருடை கிடந்தது அப்போதுதான் நினைவுக்கு வந்தது. விசாரணை முழுவதும் அந்தப் பெண் எனக்கு ‘இறந்துபோனவர்’ மட்டும்தான். அவனுடைய ஒவ்வொரு நாளையும் தேடித் தேடி எழுதினேன்; அவளுடைய ஒரு நாளைக்கூட எழுதவில்லை.

அந்தப் பதிவை நீக்கிவிட்டு, அக்காவின் சம்மதத்தோடு மறுபடியும் எழுதினேன். ஜூன் மாதம், பள்ளி திறக்கும் நேரம், கடையில் தைத்து முடிக்க வேண்டிய சீருடை இரண்டு பாக்கி என்று தொடங்கினேன். பதிவு செய்யும் முன்பு அவருக்கு வாசித்துக் காட்டினேன். முழுவதும் கேட்டுவிட்டு ஒரே ஒரு திருத்தம் சொன்னார்.

“இரண்டு இல்லை ஐயா, பதினான்கு. மீதியை நான்தான் தைத்துக் கொடுத்தேன்.”