சில்வெஸ்த்ரே ரெவுவெல்தாஸின் தடத்தில்: மெக்ஸிகோ சிட்டியிலிருந்து அல்வராதோ வரை

புறப்படுவதற்கு முன்பே, மெக்ஸிகோ இசையமைப்பாளர் ரெவுவெல்தாஸ் இசையமைத்து, அல்வராதோவில் எடுக்கப்பட்ட ‘ரேதேஸ்’ (1936) படத்தைப் பார்த்துவிடுங்கள். ஒரு மணி நேரத்துக்குச் சற்றுக் கூடுதலாக ஓடும் படம். 2009-ல் மீட்டெடுத்த பிரதியையே தேடிப் பிடியுங்கள். பார்க்காமல் போனால் அல்வராதோ வெறும் மீன்பிடித் துறைமுகமாகத்தான் தெரியும்.

ரெவுவெல்தாஸ் பிறந்தது 1899 டிசம்பர் 31, துராங்கோ மாநிலத்துச் சந்தியாகோ பாபாஸ்கியாரோவில். ஆஸ்டினிலும் சிகாகோவிலும் படித்தார். டெக்சாஸின் சான் அந்தோனியோவில் தியேட்டர் வாத்தியக்குழுவில் வயலின் வாசித்துப் பிழைத்தார். 1929-ல் இசையமைப்பாளரும் நடத்துநருமான கார்லோஸ் சாவேஸ் அழைக்க, மெக்ஸிகோ சிம்பொனி வாத்தியக்குழுவின் துணை நடத்துநரானார். திரையோடு அவர் இசை இவ்வளவு இணங்கிப் போவதற்கு அந்தத் தியேட்டர் வருடங்கள் ஒரு காரணம் என்றே நினைக்கத் தோன்றுகிறது.

மெக்ஸிகோ சிட்டியில் முதலில் தோலோரெஸ் கல்லறைத் தோட்டம். 1940 அக்டோபர் 5 அன்று நிமோனியாவில் இறந்தபோது அவருக்கு வயது 40. 1976-ல் உடல் எச்சங்களை இங்குள்ள ‘புகழ்பெற்றோர் வட்ட’த்துக்கு மாற்றினார்கள். மெட்ரோ ஏழாவது தடத்தில் கோன்ஸ்திதுயெந்தெஸ் நிலையத்தில் இறங்கி, அதே பெயருள்ள சாலையில் பஸ்ஸோ டாக்ஸியோ பிடியுங்கள். நகரம் 2,240 மீட்டர் உயரத்தில் இருப்பதால் வந்திறங்கிய அன்றே நடந்தால் மூச்சு வாங்கும். இறந்தோரை நினைவுகூரும் நவம்பர் 1, 2 தேதிகளில் கூட்டம் நெரியும்.

அவர் நடித்ததைப் பார்க்க ‘வாமோனோஸ் கோன் பாஞ்சோ வீயா’ (1936) போதும். இசையும் அவருடையதே. மதுக்கடைக் காட்சியில் பியானோ வாசிக்கிறவர் அவர்தான். குண்டுகள் பறக்கத் தொடங்கியதும், ‘பியானோக்காரரைச் சுட வேண்டாம் என்று கேட்டுக்கொள்கிறோம்’ என்று எழுதிய அட்டையைத் தூக்கிக் காட்டுகிறார். சில நொடிதான், கண் சிமிட்டினால் போய்விடும். பருத்த உடம்பு, கலைந்த தலை, பதறாத முகம். தேர்ந்த நடிகருக்கும் அந்த நிதானம் எளிதில் வராது.

அல்வராதோவுக்கு மெட்ரோ சான் லாசரோவை ஒட்டிய தாபோ பேருந்து நிலையத்தில் வேராக்ரூஸ் பஸ் ஏறவேண்டும். சுமார் 400 கிலோமீட்டர், ஐந்தரை முதல் ஆறு மணி நேரம். வேராக்ரூஸிலிருந்து தென்கிழக்கே 180-ஆம் நெடுஞ்சாலையில் இன்னும் சுமார் 70 கிலோமீட்டர். ஒரே நாளில் போய்த் திரும்பத் திட்டமிடாதீர்கள். வேராக்ரூஸில் இரவு தங்குங்கள்.

அக்டோபர் முதல் மார்ச் வரை ‘நோர்தே’ என்னும் வடகாற்று அவ்வப்போது பலமாக அடிக்கும். அன்று படகு கிடைக்காது, மீன்வரத்தும் குறையும். முன்தினமே வானிலை பார்த்துவிட்டு, கையில் ஒரு நாளை உபரியாக வைத்துக்கொள்ளுங்கள்.

விடியற்காலையில் உப்பங்கழியோரம் போய்விடுங்கள். அமெரிக்கப் புகைப்படக் கலைஞர் பால் ஸ்ட்ராண்ட் ‘ரேதேஸ்’ படத்தை இங்கே ஒளிப்பதிவு செய்த 1934-ல், பெரும்பாலும் உள்ளூர் மீனவர்களே நடித்தார்கள். சட்டகத்தில் பாதி வானம், கீழே ஒரு வரி தண்ணீர், அதில் படகு. அந்தத் தட்டையான ஒளி இன்றும் காலையில்தான் கிடைக்கிறது, பத்து மணிக்கு மேல் வெளுத்துவிடும். வலை இழுக்கும் காட்சியின் இசையைக் காதில் போட்டுக்கொண்டு நில்லுங்கள். மீனவர்கள் குனிந்து நிமிரும் தாளத்தை வாத்தியங்கள் அப்படியே நகலெடுப்பதில்லை. தாளக்கட்டுகள் ஒன்றோடொன்று மோதி, உழைப்பின் கனத்தைச் சொல்கின்றன. குழந்தையின் சவ ஊர்வலத்தில் அதே இசை மெதுவாகி, இறுகிப்போகிறது. மருந்துக்குக் காசில்லாமல் செத்த பிள்ளை அது. வாத்தியங்கள் அழுது காட்டாமல் கோபத்தை அடக்கிப் பிடிப்பதால்தான் அந்த இடம் இவ்வளவு வலிக்கிறது.

மதியச் சாப்பாட்டுக்கு ‘அர்ரோஸ் ஆ லா தும்பாதா’ கேளுங்கள்: இறால், நண்டு, மீன் சேர்த்துக் குழம்பாகவே பரிமாறும் சோறு. சொன்ன பிறகுதான் சமைப்பார்கள், காத்திருக்கவேண்டும்.

இசைத்தட்டு வாங்குகிறவர்கள் கவனிக்க: ‘ரேதேஸ்’ கச்சேரித் தொகுப்பு நடத்துநர் எரிக் கிளைபர் அமைத்தது, ரெவுவெல்தாஸ் இசையமைத்த இன்னொரு படமான ‘லா நோச்சே தெ லோஸ் மாயாஸ்’ தொகுப்பு நடத்துநர் லிமாந்தூர் கோத்தது. இரண்டும் ரெவுவெல்தாஸ் இறந்த பிறகு வந்தவை. அருமையான தொகுப்புகள்தான், ஆனால் காட்சிகளோடு அவர் வைத்த வரிசை வேறு. படத்தை முதலில் கேளுங்கள், தட்டை அப்புறம் வாங்கலாம்.