ஷிமோனாடா ரயில் நிலையத்தின் மாதிரி, 1:150 அளவில்: பெஞ்சிலிருந்து கடல் தெரிய வேண்டும்

ஜப்பானின் ஷிகோகு தீவில், எஹிமே மாகாணத்தில், யோசான் ரயில் பாதையில் இருக்கிறது ஷிமோனாடா. 1935இல் திறந்த நிலையம். இப்போது ஊழியர் யாரும் இல்லை. மரக் கட்டடம், ஒரே நடைமேடை, ஒரே தண்டவாளம். நடைமேடையில் சின்னக் கூரை, அதன் கீழே பெஞ்சு, எதிரே இயோ கடல். 1986இல் உச்சிகோ வழியாகக் குறுக்குப் பாதை வந்ததும் விரைவு ரயில்கள் அந்தப் பக்கம் போய்விட்டன. கடலோரப் பாதையில் ஒன்றிரண்டு பெட்டி டீசல் வண்டிகள்தான் மிச்சம். மின்மயமாகாத பாதை என்பதால் மாதிரியில் மின்கம்பமோ மேல்கம்பியோ வைக்கக் கூடாது.

மாதிரியின் அடிப்பலகை 600 × 300 மி.மீ., 9 மி.மீ. ப்ளைவுட். அடியில் 30 மி.மீ. சட்டம் அடித்தாக வேண்டும், இல்லையென்றால் பசை ஈரத்தில் பலகை வளைந்துவிடும். நடைமேடை 380 மி.மீ. போதும். கிஹா 54 டீசல் வண்டியின் ஒரு பெட்டி 21.3 மீட்டர், இந்த அளவில் 142 மி.மீ.; இரண்டு பெட்டி தாராளமாக நிற்கும்.

வேலையின் உயிர் உயரக் கணக்கில் இருக்கிறது. தேசிய நெடுஞ்சாலை 378 நிலையத்துக்கும் கடலுக்கும் நடுவில் ஓடுகிறது. பெஞ்சில் உட்கார்ந்தவர் கண்ணில் அது படக் கூடாது, தண்டவாளத்துக்கு அப்பால் தண்ணீர்தான் தெரிய வேண்டும். உட்கார்ந்தவரின் கண் தரையிலிருந்து 1.2 மீட்டர், அதாவது 8 மி.மீ. பெஞ்சிலிருந்து நடைமேடை விளிம்பு 20 மி.மீ. பார்வைக்கோடு விளிம்பை உரசிக்கொண்டு, 20க்கு 8 என்ற சரிவில் இறங்குகிறது. விளிம்பைத் தாண்டித் தண்டவாளத்துக்கு 20, கரைச் சரிவுக்கு 12, சாலைக்கு 43, ஆக 75 மி.மீ. அந்த இடத்தில் பார்வைக்கோடு நடைமேடையை விட 30 மி.மீ. தாழ்ந்திருக்கும்.

அப்படியானால் சாலையை 30 மி.மீ. கீழே வைத்தால் போதும் என்று தோன்றும். முதல் அட்டை மாதிரி அப்படித்தான் வெட்டப்பட்டது. சாலையோரக் கடற்சுவர் 6 மி.மீ. தலைநீட்டி, கடலுக்குக் குறுக்கே சாம்பல் கோடு போட்டது. சாலையை 36க்கு இறக்கியதும் மறைந்தது. இறுதி அளவு: கடல் 0, சாலை 14, தண்டவாளத்தின் மேல்முகம் 45, நடைமேடை 50 மி.மீ. நடைமேடை உயரத்தைத் தண்டவாளத்தின் மேல்முகத்திலிருந்துதான் அளக்க வேண்டும் (760 மி.மீ. என்றால் 5). பலகையிலிருந்து அளந்தால் வண்டியின் வாசற்படி பொருந்தாது.

இதே கணக்குப் பின்திரைக்கும் உண்டு. அடிவானம் எப்போதும் பார்ப்பவர் கண்மட்டத்தில் நிற்கும். ஆகவே திரையில் அது கடல் மட்டத்துக்கு மேலே 58 மி.மீ. உயரத்தில் வர வேண்டும், அதுவரை கடல் நிறமே. கடல் பலகை முடியும் இடத்திலேயே வானத்தைத் தொடங்கினால், தண்ணீர் அருவியாகக் கீழே விழுவதுபோல் தெரியும். படம் எடுக்கும்போது கேமரா லென்ஸும் அதே 58இல் நிற்கட்டும்.

கடலுக்கு முதலில் எபாக்ஸி ரெசின், ஒரே ஊற்றில் 6 மி.மீ. கடற்சுவர் ஓரம் 3 மி.மீ. ஏறி ஒட்டிக்கொண்டது, பரப்பு இழுவிசைதான் காரணம். சுரண்டி எடுத்துவிட்டு, வண்ணம் பூசிய பலகை மேல் பளபளப்பு அக்ரிலிக் ஜெல் மூன்று மெல்லிய பூச்சு, நடுவில் ஒவ்வொரு நாள் இடைவெளி. இது நன்றாக வந்தது. பாலியெஸ்டர் ரெசினைத் தெர்மாகோல் பக்கமே கொண்டுபோக வேண்டாம், கரைத்துவிடும். அலை அரை மி.மீ. போதும். இது உள்நாட்டுக் கடல், 3 மி.மீ. அலை என்றால் நிஜத்தில் 45 சென்டிமீட்டர், அமைதி போய்விடும்.

உண்மைப் பாதை 1,067 மி.மீ. அகலம், சுருக்கினால் 7.1. இந்த அளவு மாதிரிகளுக்கான ‘N’ ஸ்கேல் தண்டவாளமோ 9 மி.மீ. அந்த அகலத்தை மறைக்க, கட்டைகளின் முனைகள் மேல் ஜல்லியும் களையும் ஏற்ற வேண்டும். ஜல்லிக்கு 0.3 முதல் 0.5 மி.மீ. சலித்த துகள், அதற்கு மேல் போனால் பாறாங்கல் மாதிரி இருக்கும். காந்தத்தால் இரும்புத் தூளை எடுத்துவிடுங்கள், மோட்டாருக்குள் போகும். முதலில் ஐசோபுரோப்பைல் ஆல்கஹால் தெளித்து நனைத்து, பிறகு வெள்ளைப் பசை ஒரு பங்கு, தண்ணீர் மூன்று பங்கு, சொட்டுச் சொட்டாக. நனைக்காமல் விட்டால் பசை உருண்டு நிற்கும், துகள் மிதந்து குழி விழும்.

கூரைத் தூண்களுக்கு 0.8 மி.மீ. பித்தளைக் கம்பி, 17 மி.மீ. உயரம். கைக்கு எளிது என்று 1.5 எடுத்தால் நிஜத்தில் 22 சென்டிமீட்டர் தடிமன். தூண்களுக்கு நடுவில் தெரியும் கடலை அதுவே தின்றுவிடும். விளிம்பின் வெள்ளைக்கோட்டில் கொஞ்சம் சாம்பல் கலந்தால் பழசாகத் தெரியும்.

பெஞ்சு இன்னும் ஒட்டவில்லை. பின்திரை நிறம் கடலோடு சேர்ந்தபின்தான், இரண்டு மூன்று இடத்தில் வைத்துப் பார்த்து ஒட்ட வேண்டும்: 5 மி.மீ. முன்னால் நகர்ந்தால் சரிவு 15க்கு 8 ஆகும், சாலை ஓரமாக அந்தச் சுவர் மறுபடி எட்டிப் பார்க்கும்.