கை நீட்டினா நிக்கிற கோச்சி

வந்த முதல் கிழமை கங்ஹோர்டி ஸ்டேசனில நான் பாட்டுக்கு மரியாதையா ஒதுங்கி நிண்டனான், கோச்சி வந்துது, என்னைக் கடந்து அப்படியே போட்டுது. வேல்ஸின்ர நடுவுக்க, ஸ்வான்சியிலயிருந்து ஷ்ரூஸ்பரி போற ஒற்றைத் தண்டவாளம், நாளைக்கு நாலைஞ்சு கோச்சிதான். லான்டவரியில முதியோர் இல்லத்தில எனக்கு வேலை, அண்டைக்கு அழுகையே வந்திட்டுது.

நாயோட வந்த ஒரு ஐயா, "கை நீட்டினீங்களோ?" எண்டு கேட்டவர். இது ரிக்குவெஸ்ட் ஸ்டொப்பாம். ஏறுறதெண்டா டிரைவருக்குத் தெரியிற மாதிரி கை நீட்டவேணும், இறங்கிறதெண்டா கார்ட்டிட்ட முன்னமே சொல்லவேணும். பஸ்ஸுக்கெல்லோ நாங்கள் கை காட்டிறது!

அடுத்த நாள் நீட்டினன். அவ்வளவு பெரிய இரும்பு என் ஒருத்திக்காக வேகத்தைக் குறைச்சு வந்து நிண்டுது. கார்ட் "போரே டா" எண்டார், வேல்ஸ் பாஷையில காலை வணக்கம். அந்தச் சந்தோசம் இண்டைக்கும் குறையேல்ல.

ஏனெண்டா நான் சாவகச்சேரி ஸ்டேசனுக்குப் பக்கத்தில வளந்தனான், கோச்சியைத்தான் காணேல்ல. 1990இல சண்டையால கொழும்பிலயிருந்து வாற யாழ்தேவிக் கோச்சி நிண்டுபோச்சு, நான் பிறந்தது அதுக்கு அடுத்த வருசம். தண்டவாளமும் சிலிப்பர் கட்டையும் பங்கருக்குப் போட்டுது. வெறும் மேட்டில நாங்கள் சைக்கிள் ஓடினம், அம்மம்மா மட்டும் "இந்நேரம் மெயில் வரும்" எண்டு பின்னேரத்தில சொல்லுவா, சொல்லிப்போட்டு அரிக்கன் லாம்பைத் துடைப்பா, நாங்களும் ஒரு கணம் காதைக் குடுத்துக் கேப்பம், ஒண்டும் வராது. 2014 ஒக்டோபரில யாழ்ப்பாணம் வரைக்கும் திரும்ப விட்டவங்கள். அதைப் பாக்க அம்மம்மா இல்லை, நான் இஞ்ச.

இப்ப எல்லாம் பழகிட்டுது. நாய்க்கார ஐயா தலையாட்டுவார், மழை எண்டா அந்தச் சின்னக் கொட்டிலுக்க ரெண்டு பேரும் பேசாம நிப்பம், வயலில செம்மறியள் மேயும். கொஞ்சம் தள்ளி 18 வளைவுக் கல்பாலம் ஒண்டு, அதுக்கு மேலால கோச்சி வாறதை நினைச்சாலே மனசு நிறையும். இதுதான் இனி என்ர ஸ்டேசன் எண்டு அம்மாவுக்கும் போனில சொல்லிப்போட்டன்.

போன கிழமை நல்ல பனிப்புகார். தூரத்தில லைட் தெரிஞ்சவுடன கையை நீட்டினன், நினைவு எங்கயோ போட்டுது, அரிக்கன் லாம்பு எண்ணெய் மணம்கூட வந்த மாதிரி. கார்ட் கதவைத் திறந்து மெதுவாச் சொன்னார், "நிண்டிட்டுது பிள்ளை, கையை இறக்கலாம்."