கவாகோயேயில் கிமோனோ உடுத்திய நாள்

இந்த ஊரில் யாரும் யாரையும் தொடுவதில்லை. டோக்கியோவில் நிஷி-கசாயில் குடியேறிய புதிதில் எனக்குப் பழகவே பழகாத விஷயம் அதுதான். எதிர்வீட்டுப் பாட்டி என் மகளைப் பார்த்தால் முகமெல்லாம் சிரிப்பார், ஆனால் கன்னத்தைக் கிள்ள மாட்டார். பள்ளியில் சந்திக்கும் அம்மாக்கள் குனிந்து வணங்குவார்கள், கையைப் பிடித்துக்கொண்டு பேச மாட்டார்கள். அடுத்தவருக்கான இடத்தை விட்டு நிற்பதுதான் இங்கே மரியாதை. அது எனக்குப் புரிந்தது, பிடிக்கவும் செய்தது. ஆனாலும் அம்மா, சித்தி, அத்தை என்று ஏதாவது ஒரு கை தோளில் கிடந்தபடியே வளர்ந்த உடம்புக்கு என்னவோ குறைந்துகொண்டே இருந்தது. கிமோனோ வாடகைக்கு எடுத்துச் சுற்றிய அந்த நாளைப் பற்றி எழுத உட்கார்ந்தால், பார்த்த இடங்களுக்கு முன்னால் அதை எனக்கு உடுத்திவிட்ட அம்மாளின் கைகள்தான் நினைவுக்கு வருகின்றன.

போவதற்கு முன் எனக்கு ஒரு தயக்கம் இருந்தது. அவர்களுடைய உடையை நாம் போட்டுக்கொண்டு தெருவில் நடந்தால் வேடம் போட்டதுபோல் தெரியாதா? மகளின் வகுப்புத் தோழியின் அம்மாவிடம் தயங்கித் தயங்கிக் கேட்டேன். அவர் ஆச்சரியப்பட்டார். “நானே வாடகைக்குத்தான் எடுப்பேன். எனக்கும் தனியாகக் கட்டத் தெரியாது” என்றார். இளைஞர்கள் பெரியவர்களாவதை ஜனவரி இரண்டாம் திங்கட்கிழமையன்று கொண்டாடும் நாளில் நீளக் கைவைத்த ஃபுரிசொதே கிமோனோ உடுத்தி வரும் பெண்களில் நிறையப் பேர் அதை வாடகைக்கு எடுத்து, தெரிந்தவர் கையால்தான் கட்டிக்கொள்கிறார்கள். மூன்று, ஐந்து, ஏழு வயதுக் குழந்தைகளை நவம்பரில் கோயிலுக்கு அழைத்துப் போகும் ஷிச்சி-கோ-சான் சடங்குக்கும் அப்படித்தான். கிமோனோவை முறையாகக் கட்டுவது தனிக் கலை, அதற்கென்றே வகுப்புகள் நடக்கின்றன. சரி, ஜப்பானியரே கற்றுக்கொண்டு செய்கிற ஒன்றை நாமும் கேட்டுத் தெரிந்து செய்தால் தவறில்லை என்று மனம் தெளிந்தது.

கிமோனோ என்றதும் எல்லோரும் கியோட்டோவைத்தான் சொல்வார்கள். டோக்கியோவிலிருந்து புல்லட் ரயிலில் குடும்பத்தோடு போய்வரும் செலவுக்கு ஒரு மாத மளிகை வாங்கிவிடலாம். நாங்கள் சைதாமா மாநிலத்தில் உள்ள கவாகோயேயைத் தேர்ந்தெடுத்தோம். நிஷி-கசாயிலிருந்து தோசாய் லைனில் ஏறி தகடனோபாபாவில் இறங்கி, செய்பு ஷின்ஜுகு லைனில் மாறினால் கடைசி நிலையம் ஹோன்-கவாகோயே. ஊருக்குச் செல்லப்பெயர் ‘குட்டி எடோ’. எடோ என்பது டோக்கியோவின் பழைய பெயர். டோக்கியோவிலேயே காணாமல் போய்விட்ட பழைய எடோ நகரத்தின் சாயல் இங்கே ஒரு தெரு முழுக்க நிற்கிறது.

அந்தத் தெரு நிற்பதற்குக் காரணமே ஒரு தீ விபத்து. 1893இல் ஊரில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் எரிந்து போனது. கனமான மண்சுவர் வைத்துக் கட்டிய சில கட்டடங்கள் மட்டும் தப்பின. 1792இல் ஒரு துணி வியாபாரி கட்டிய ஓசாவா வீடு அவற்றில் ஒன்று. அதைப் பார்த்துத்தான் மற்ற வியாபாரிகளும் கருப்புச் சாந்து பூசிய தடித்த சுவர்களோடு தங்கள் கடைகளைத் திரும்பக் கட்டினார்கள். துணி விற்றுச் செழித்த ஊரில் போய்க் கிமோனோ உடுத்துவது எனக்கு மிகப் பொருத்தமாகப் பட்டது.

கடைகளில் சாதாரணத் திட்டம் 3,000 யென்னிலிருந்து 5,000 யென் வரை இருக்கும். கிமோனோ, உள்ளாடை, இடுப்புப் பட்டையான ஒபி, காலணி, கைப்பை எல்லாம் அதிலேயே அடக்கம். தலை அலங்காரத்துக்குத் தனிக் காசு. இணையத்தில் முன்பதிவு செய்யும்போது உயரமும் காலணி அளவும் கேட்பார்கள். காலையில் முதல் நேரத்தை எடுப்பது நல்லது, ஏனென்றால் எப்போது போனாலும் மாலை ஐந்து மணிவாக்கில் திருப்பித் தந்துவிட வேண்டும். உள்ளே கழுத்து அகலமான பனியனும் லெக்கின்ஸும் போட்டுக்கொண்டு போங்கள். கிமோனோவின் பின்கழுத்தை ஒரு கை முஷ்டி அளவு இறக்கி விடுவார்கள். கழுத்தை மூடிய பனியன் போட்டால் அங்கே எட்டிப் பார்க்கும்.

கடையில் மாடிப்படி ஏறினால் வரிசை வரிசையாகத் துணி. இப்போது லேஸ் வைத்த வெளிர்நிறக் கிமோனோக்களுக்குத்தான் மவுசு, படத்தில் நன்றாக வரும் என்று இளம்பெண்கள் அதையே எடுக்கிறார்கள். வாடகைக் கடைகளில் பெரும்பாலும் துவைக்க வசதியான பாலியஸ்டர்தான். என் கண் ஓரத்தில் தொங்கிய ஒரு பருத்திக் கிமோனோமேல் போய் விழுந்தது. கருநீலத்தில் மெல்லிய சிவப்பும் மஞ்சளும் கலந்த நேர்கோடுகள். அதை எடுத்ததும் உடுத்திவிடும் அம்மாளுக்கு முகம் மலர்ந்துவிட்டது. இது கவாகோயேயின் பழைய கோடு போட்ட துணி, தோஸான் என்பார்கள், அந்த மாதிரியில் நெய்தது என்றார். அப்புறம் அவர் சொன்ன அடுத்த வாக்கியத்தை மகள் மொழிபெயர்த்தாள்: “அம்மா, இது முதலில் இந்தியாவிலிருந்துதான் வந்ததாம்.”

வீட்டுக்கு வந்து படித்துப் பார்த்தேன். எடோ காலத்தில் டச்சுக் கப்பல்கள் சோழமண்டலக் கரையிலிருந்து மெல்லிய நூலில் நெய்த, கோடு போட்ட பருத்தித் துணியை ஜப்பானுக்குக் கொண்டுபோயின. சாந்தோமின் பெயரை வைத்து அதை ‘சாந்தோமே-ஜிமா’ என்றும் அழைத்தார்கள். எடோ நகரத்து ரசிகர்களுக்கு அது பெரிய மோகம். 1859இல் யோகோஹாமா துறைமுகம் திறந்ததும் இறக்குமதி நூலை வாங்கி அதே மாதிரிக் கோடு போட்ட துணியை உள்ளூரிலேயே நெய்ய ஆரம்பித்தவர்கள் கவாகோயே பக்கத்துக்காரர்கள். நான் மந்தைவெளியில் வளர்ந்தவள், சாந்தோம் கடற்கரைக்கு நடந்தே போவோம். அந்தக் கரையின் கோடுகளை இவ்வளவு தூரம் வந்து என் உடம்பில் சுற்றிக்கொண்டேன் என்பதை நினைத்தால் இப்போதும் எனக்குச் சிலிர்க்கிறது.

உடுத்திவிட்ட அம்மாளுக்கு எழுபது வயதாவது இருக்கும். முதலில் கட்டைவிரல் தனியாகப் பிரிந்த தபி என்னும் வெள்ளைக் காலுறையை மாட்டிக்கொள்ளச் சொன்னார். கிமோனோ உடுத்தியபின் குனிந்து அதை மாட்ட முடியாது. பிறகு இடுப்பில் துண்டுகளை மடித்து வைத்துக் கட்டினார். புடவை இடுப்பின் வளைவைக் காட்டும், கிமோனோவுக்கு மார்பிலிருந்து இடுப்புவரை ஒரே நேராக இருக்க வேண்டும். வளைவு இருந்தால் துணி சுருங்கி, ஒபி நழுவிவிடும். அதன்மேல் ஜுபான் என்ற உள்ளங்கி. அப்போது என் தாலிச் சங்கிலியைப் பார்த்தார். கழற்ற வேண்டுமா என்று கேட்பார் என எதிர்பார்த்தேன். மகள், “அது கல்யாணத்துக்குப் போட்டது” என்று ஜப்பானிய மொழியில் சொன்னதும் தலையசைத்து, சங்கிலியைத் தன் விரலால் நேராக்கி, துண்டுக்குள் அழுத்தாதபடி படுக்க வைத்துவிட்டு வேலையைத் தொடர்ந்தார்.

கிமோனோ எப்போதும் இடது பக்கம் மேலே வர வேண்டும். 719ஆம் ஆண்டிலேயே அரசாணை போட்டு வகுத்த முறை அது. வலது பக்கம் மேலே வருவது இறந்தவர்களுக்கு மட்டும். பெண்களின் கிமோனோ ஆளைவிட நீளமாகத் தைத்திருப்பார்கள். மிச்சத்தை இடுப்பில் மடித்து உள்ளே கயிற்றால் கட்டிவிடுவதால் ஒரே துணி குட்டைக்கும் நெட்டைக்கும் சரிப்பட்டு வரும். அந்த மடிப்பின் ஓரம் நேர்கோடாக விழ வேண்டும். அதற்காக அந்த அம்மாள் என் முன்னால் முழங்காலிட்டு, மடிப்புக்குள் கையை விட்டு, இந்த ஓரத்திலிருந்து அந்த ஓரம்வரை நீவினார். கல்யாண வீட்டில் அக்கா கீழே உட்கார்ந்து கொசுவத்தை ஒவ்வொன்றாக இழுத்துவிடுவாளே, அப்படியே இருந்தது. எனக்குத் தொண்டை அடைத்துக்கொண்டது. ஒபியை இறுக்கும்போது “வலிக்கிறதா, மூச்சு விட முடிகிறதா” என்று ஒவ்வொரு சுற்றுக்கும் கேட்டார். கடைசியில் முதுகில் பூப்போல ஒரு முடிச்சு. ஒரு ஊக்கு இல்லை, பொத்தான் இல்லை, எல்லாம் கயிறும் மடிப்பும்தான். முடித்ததும் என் இரண்டு தோள்களையும் லேசாகத் தட்டிக் கண்ணாடியின் பக்கம் திருப்பினார். என் நெற்றிப் பொட்டைக் காட்டி, அது இந்தக் கோடுகளுக்கு அழகு என்றும் சொன்னார்.

ஆண்களுக்கு இந்த மடிப்பு கிடையாது, அதனால் நீளம் சரியாக அமைய வேண்டும். என் கணவர் நல்ல உயரம். அவருக்குப் பொருந்துவதாகக் கடையில் இருந்தவை குறைவு, கிடைத்த சாம்பல் நிறம் அவருக்கு எடுப்பாக இருந்தது. மகளுக்குச் சிவப்பில் சாமந்திப் பூ.

தெருவில் இறங்கியதும் உடம்பு தானாக மாறுகிறது. எட்டி நடக்க முடியாது, சின்னச் சின்ன அடிதான். ஜோரி காலணியில் குதிகால் கொஞ்சம் வெளியே நிற்கும், அளவு போதவில்லை என்று மாற்றிக் கேட்க வேண்டாம், அப்படித்தான் போடுவது. படி ஏறும்போது வலது கையால் முன்மடிப்பைச் சற்றே தூக்கிக்கொள்ள வேண்டும். எதையாவது எட்டி எடுக்கும்போது மறு கையால் சட்டைக்கையைப் பிடித்துக்கொள்ள வேண்டும். நாற்காலியில் சாயக் கூடாது, முடிச்சு நசுங்கும். கழிப்பறையில் ஒவ்வொரு அடுக்காகத் தூக்கி மேலே சேர்த்துப் பிடித்துக்கொண்டால் பயமில்லை. முதல் அரைமணி நேரம் இதெல்லாம் தொந்தரவாக இருந்தது. அதற்குப் பிறகு இந்த ஊர் மனிதர்கள் ஏன் இப்படி நடக்கிறார்கள், ஏன் இப்படிப் பாத்திரத்தை இரண்டு கையாலும் நீட்டுகிறார்கள் என்பதெல்லாம் என் தோள்களுக்குள்ளிருந்தே விளங்க ஆரம்பித்தது.

தோகி-நோ-கானே என்னும் மர மணிக்கூண்டு தீ விபத்துக்கு மறுவருடம் திரும்பக் கட்டியது. ஒரு நாளைக்கு நாலுமுறை அடிக்கும், நாங்கள் பகல் பன்னிரண்டு மணிக்குக் கேட்டோம். பிரதான தெருவில் நடைபாதை குறுகல், கார்கள் ஓயாமல் போகும், குழந்தையின் கையை விடக் கூடாது. மிட்டாய்ச் சந்தில் அவ்வளவு நெரிசல் இல்லை. சைவம் சாப்பிடுகிறவர்களுக்கு இந்த ஊர் உண்மையிலேயே கருணையானது. சர்க்கரைவள்ளிக் கிழங்குக்குப் பேர்போன இடம், சிப்ஸும் வேகவைத்த பணியாரமும் எல்லாக் கடையிலும் உண்டு. கடித்துச் சாப்பிடும்போது மடியில் ஒரு கைக்குட்டை விரித்துக்கொள்ளுங்கள். கிதா-இன் கோயிலில் 538 கல் உருவங்கள் இருக்கின்றன. சிரிப்பவர், அழுபவர், காதில் ரகசியம் சொல்பவர், ஒருவருக்கொருவர் முதுகு பிடித்துவிடுபவர் என்று ஒன்றுபோல் இன்னொன்று இல்லை. மகள் அங்கேயே ஒரு மணி நேரம் நின்றாள்.

கோயிலை விட்டு வெளியே வரும்போது கைத்தடியோடு ஒரு பாட்டி என்னை நிறுத்தினார். மன்னிக்க வேண்டும் என்று தலைகுனிந்து, ஒரு நிமிடம் கேட்டார். பின்னால் போய் என் ஒபி முடிச்சுக்குக் கீழே சுருங்கியிருந்த துணியை இரண்டு கையாலும் இழுத்து நேராக்கினார். கழுத்துப்பட்டை நடுவில் நிற்கிறதா என்று பார்த்தார். எந்த நாடு என்று கேட்டார், இந்தியா என்றதும் அந்தக் கோடுகளைத் தொட்டுப் பார்த்து, “என் அம்மா இதுபோல ஒன்று கட்டுவார்” என்றார். உடுத்திவிட்ட அம்மாளுக்கு அது வேலை; இத்தனை காலம் இந்த நாட்டில் இருந்தும் முன்பின் தெரியாத ஒருவர் தானாக வந்து என்னைத் தொட்டது அதுதான் முதல்முறை. கிமோனோ உடுத்தியவளை அவர்கள் வீட்டுப் பெண்ணாகவே எடுத்துக்கொள்கிறார்கள் என்று எனக்குத் தோன்றியது. பார்த்துக்கொண்டிருந்த மகள், “உன்னை அந்தப் பாட்டிக்குத் தெரியுமா?” என்று கேட்டாள்.

கவாகோயேயில் 8, 18, 28 தேதிகள் கிமோனோ நாள், உடுத்தி வருகிறவர்களுக்குச் சில கடைகளில் சலுகை உண்டு. முடிந்தால் அந்தத் தேதியாகப் பார்த்துப் போங்கள். சனி ஞாயிறாக அமைந்தால் கூட்டம் தாங்காது, வார நாளே மேல். நாங்கள் போனது நவம்பரில். கோடையில் அடுக்கடுக்கான கிமோனோ கஷ்டம், ஒற்றைப் பருத்தியான யுகாட்டாதான் சரி.

ஜூலையில் அம்மா சென்னையிலிருந்து வருகிறார். அந்த மாதத்தில் கவாகோயே ஹிகாவா ஆலயத்தில் ஏராளமான கண்ணாடிக் காற்றுமணிகளைக் கட்டித் தொங்கவிடுவார்கள். அம்மாவுக்கு யுகாட்டா கட்டி அழைத்துப் போகலாமா என்று தொலைபேசியில் கேட்டேன். தலையில் பூ வைத்துக்கொள்ள விடுவார்களா என்று மட்டும் கேட்டுச் சொல்லச் சொன்னார். கடைக்கு எழுதினேன், தாராளமாக வைத்துக்கொள்ளலாம் என்று பதில் வந்துவிட்டது. அதே அம்மாள் வேலைக்கு வரும் நாளாகப் பார்த்துக் காலை நேரத்தைப் பதிவு செய்திருக்கிறேன்.